இருபது வயசு ஸ்பீக்கரா, டப்பா பிரிக்காத புது செட்டா?

கையில் 30,000 ரூபாய். வண்டி ஒரு பழைய ஸ்விஃப்ட். ஓட்டுகிறவர் என் சித்தி மகன். மதுரை நாகமலை புதுக்கோட்டையிலிருந்து கப்பலூர் தொழிற்பேட்டைக்குத் தினமும் போய் வருகிறார். கம்பெனி கொடுத்த கதவு ஸ்பீக்கர் ஒன்று கரகரக்கத் தொடங்கியதும், மாற்றுவதென்றால் உருப்படியாகவே மாற்றிவிடலாம் என்று கிளம்பியவர் முன்னால் மூன்று வழிகள் வந்து நின்றன. கோயம்புத்தூரில் ஒருவர் தன் காரை விற்பதற்கு முன் கழற்றி வைத்த டைன்ஆடியோ காம்போனென்ட் செட், கேட்கிற விலை 22,000. காம்போனென்ட் என்றால் கீழ்ச்சுரத்துக்கு வூஃபர், மேல்சுரத்துக்கு ட்வீட்டர், பாட்டை இரண்டுக்கும் பிரித்துக் கொடுக்கும் கிராஸ்ஓவர் என்று தனித்தனியாக வருவது. திலகர் திடல் ஞாயிற்றுக்கிழமைச் சந்தையில் கண்ணில் பட்ட எம்பி குவார்ட் செட், 7,000 சொல்கிறார்கள், பேசினால் ஐந்துக்கு வரும். பைபாஸ் ரோட்டுக் கடையில் வாரண்டி அட்டையோடு ஒரு புது இத்தாலியச் செட், 18,000.

"எதுண்ணே வாங்க? நீங்க சொல்றதத்தான் வாங்குவேன்" என்றார். அப்படிச் சொல்கிறவர்கள் கடைசியில் தாங்கள் நினைத்ததைத்தான் வாங்குவார்கள். இருந்தாலும் இதே கேள்வியோடு வேறு சிலரும் வருவதால், எப்படி யோசித்தோம் என்பதை முழுதாக எழுதிவிடுகிறேன்.

பழைய சரக்கு என்றால் எனக்குக் கை அரிக்கும், அதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். அப்படியிருந்தும் மூன்றில் ஆகச் சிறந்த ஸ்பீக்கரைத்தான் இந்தக் கணக்கிலிருந்து முதலில் தள்ளினேன். காரணம் ஸ்பீக்கரில் இல்லை, மீதிப் பணத்தில் இருக்கிறது.

பழசை எதற்காகப் பார்க்க வேண்டும்?

செல்போன் மாதிரி ஆறு மாதத்துக்கு ஒரு தலைமுறை மாறும் பொருளல்ல ஸ்பீக்கர். காந்தத்துக்கு நடுவே ஒரு கம்பிச்சுருள், அதில் ஒட்டிய கோன் என்கிற அமைப்பை அமெரிக்காவின் ஜெனரல் எலக்ட்ரிக் நிறுவனத்தில் ரைஸ், கெல்லாக் என்ற இருவர் 1925-இல் நிலைநிறுத்தினார்கள். இன்று கடையில் விற்பதும் அதே அமைப்புதான். நூறு வருடத் தொழில்நுட்பத்தில் இருபது வருடம் பெரிய இடைவெளி ஆகாது.

இன்னொரு காரணமும் உண்டு. 1990-களிலும் 2000-களின் தொடக்கத்திலும் டிஎஸ்பி என்கிற சத்தம் திருத்தும் கருவி எல்லார் வண்டியிலும் கிடையாது. ஸ்பீக்கரில் உள்ள கோணலை மின்னணுவால் நிமிர்த்திக்கொள்ளலாம் என்ற வசதி இல்லாததால், ஸ்பீக்கரையே ஒழுங்காகச் செய்தாக வேண்டும். வீட்டு ஹை-ஃபையில் பேர் வாங்கிய நிறுவனங்கள் கார் செட்டும் செய்தன: டென்மார்க்கின் டைன்ஆடியோ, பிரான்சின் ஃபோக்கல், இஸ்ரேலின் மொரெல், அமெரிக்காவின் பாஸ்டன் அகூஸ்டிக்ஸ், ஜெர்மனியின் எம்பி குவார்ட். அன்று சாதாரணச் சம்பளக்காரர் எட்ட முடியாத விலையில் விற்றவை இன்று பழைய சரக்காக நம் விலைக்கு இறங்கி வருகின்றன. ஆசை வருவதில் தப்பில்லை.

எது கெடும், எது கெடாது

வயதாவது எல்லாப் பாகத்துக்கும் ஒரே வேகத்தில் நடப்பதில்லை. ஃபெரைட் காந்தம், வார்ப்பு அலுமினியச் சட்டம், பாலிப்ராப்பிலீன் கோன் மூன்றும் ஏறக்குறைய அப்படியே இருக்கும். கோனைச் சுற்றியுள்ள விளிம்பு, ட்வீட்டருக்குள் இருக்கும் எண்ணெய், கிராஸ்ஓவரின் கெபாசிட்டர் மூன்றும்தான் ஆயுளைத் தீர்மானிக்கும். பழைய செட் வாங்குகிறவர் லோகோவைப் பார்க்காமல் இந்த மூன்றைப் பார்த்தால் பாதிப் பணம் மிச்சம்.

விளிம்பு ஃபோமா ரப்பரா என்பதே முதல் கேள்வி. பாலியூரித்தேன் ஃபோம் காற்றின் ஈரத்திலும் வெயிலிலும் உதிரும் பொருள். பொதுவாகப் பத்துப் பதினைந்து வருடம் தாங்கும் என்பார்கள். காருக்குள் அந்தக் கணக்கை நம்ப வேண்டாம். அமெரிக்காவின் அரிசோனா மாநிலப் பல்கலைக்கழகத்தார் 2018-இல் வெளியிட்ட ஆய்வில், கோடை வெயிலில் ஒரு மணி நேரம் நிறுத்திய கார்களின் டாஷ்போர்டு சராசரியாக 69 டிகிரி செல்சியசைத் தொட்டது. வெளியே அன்று 38 டிகிரிக்குச் சற்று மேலேதான். மதுரையில் சித்திரை, வைகாசியில் அது சாதாரண நாள். மாட்டுத்தாவணி வெளியில் மத்தியானம் நிறுத்திய வண்டிக்குள் கை வைத்தவருக்கு ஆய்வுக்கட்டுரை தேவைப்படாது.

ஆகவே ஃபோம் விளிம்பு என்றால், அது இன்று நன்றாகத் தெரிந்தாலும், எதிரே வரப்போகிற செலவு என்றே கணக்கு வையுங்கள். விரல் நுனியால் மெல்லத் தொட்டாலே மாவாக உதிர்ந்தால் பேசவே வேண்டாம். ரப்பர் விளிம்பு பல பத்தாண்டு நிற்கும். கொஞ்சம் விறைத்துப்போகலாம், வெடிப்பு இருக்கிறதா என்று வெளிச்சத்தில் சுற்றிப் பார்த்தால் போதும்.

"விளிம்பு போனா என்ன, நம்மூர்லதான் கோன் மாத்துற கடை இருக்கே" என்று ஒரு யோசனை வரும். இருக்கிறது, நல்ல கைவேலைக்காரர்களும் இருக்கிறார்கள். மைக் செட்காரர்களின் 12 அங்குலம், 15 அங்குலம் பேப்பர் கோன்களைத் திருவிழாவுக்குத் திருவிழா காயில் (கம்பிச்சுருள்) கட்டிக் கொடுத்துப் பழகிய கை அது. ஆனால் ஒரு ஹை-ஃபை வூஃபரின் குரல் அதன் கோனின் எடையிலும் விளிம்பின் நெகிழ்விலும் இருக்கிறது. கிடைத்த கோனையும் கிடைத்த காயிலையும் போட்டால் சத்தம் வரும், அந்தக் கம்பெனியின் சத்தம் வராது. சரியான அளவு ஃபோம் விளிம்பை மட்டும் வரவழைத்து, கோனைத் தொடாமல் ஒட்டச் சொன்னால் தேறும். ஏற்கெனவே கோன் மாற்றப்பட்ட செட்டை, சட்டத்திலும் காந்தத்திலும் எந்தப் பெயர் இருந்தாலும், உதிரிப் பாகத்தின் விலைக்கு மேல் நான் கேட்கமாட்டேன்.

அடுத்தது ட்வீட்டர். பல ட்வீட்டர்களில் சுருளைச் சுற்றியுள்ள நூலிழை இடைவெளியில் ஃபெரோஃப்ளூயிட் என்ற காந்த எண்ணெய் விட்டிருப்பார்கள். சூட்டைக் கடத்தும், அதிர்வை அடக்கும். ராக்கெட் எரிபொருளைக் காந்தத்தால் இழுக்க முடியுமா என்று பார்க்க 1963-இல் நாசாவின் ஸ்டீவ் பாப்பெல் செய்த திரவம் அது. கடைசியில் நம் பாட்டுப் பெட்டிக்குள் வந்து உட்கார்ந்திருக்கிறது. வருடக்கணக்கில் சூடு பட்டால் இந்த எண்ணெய் கெட்டியாகி, ட்வீட்டரில் அதிரும் குவிந்த மூடியான டோமின் அசைவைப் பிடித்துக்கொள்ளும். ட்வீட்டர் சாகாது, மங்கும். இரண்டும் ஒரே அளவு மங்கினால் "ஆகா, என்ன மென்மை" என்று ஏமாந்துபோவோம். ஒன்று மட்டும் மங்கினால் பாட்டு ஒரு பக்கமாகச் சாயும். சில மாடல்களில் டோமைக் கழற்றி, பழைய எண்ணெயை உறிஞ்சு தாளால் எடுத்துவிட்டு, அளந்து புது எண்ணெய் விடலாம். பொறுமையும் நடுங்காத கையும் வேண்டும்.

கெபாசிட்டர் விஷயம் எளிது. கிராஸ்ஓவர் டப்பாவைத் திறந்தால், சதுரமாகவோ மஞ்சள் உருளையாகவோ இருக்கும் ஃபிலிம் வகை கெடாது. 'என்பி' அல்லது 'பிபி' எழுத்துப் போட்ட சின்ன டப்பா மாதிரி எலக்ட்ரோலிட்டிக் இருந்தால் இருபது வருடத்தில் மதிப்பு மாறியிருக்கும், மாற்ற வேண்டியதுதான். அதே மைக்ரோஃபேரடில் பாலிப்ராப்பிலீன் வாங்கிப் பற்றவைக்கச் சில நூறு ரூபாய் ஆகும். மாற்றிய பிறகு ட்வீட்டர் கொஞ்சம் கூர்மையாகக் கேட்கலாம். பழைய கெபாசிட்டருக்குள் இருந்த மின்தடை போய்விட்டதே காரணம். செட்டை ஆக்டிவாக, அதாவது வூஃபருக்கும் ட்வீட்டருக்கும் தனித்தனி ஆம்ப்ளிஃபையர் (ஆம்ப்) சேனல் கொடுத்து ஓட்டப்போகிறவருக்கு இந்தப் பத்தியே தேவையில்லை, கிராஸ்ஓவரையே பயன்படுத்தப் போவதில்லை.

சந்தையில் நின்றபடி செய்யும் சோதனை

ஒரு மல்டிமீட்டர், ஒரு பேனா பேட்டரி, கைக்கு அடக்கமான ஆம்ப் போர்டு, அதற்கு ஒரு 12 வோல்ட் பேட்டரி, செல்போன். இவ்வளவு போதும்.

மீட்டரில் 4 ஓம் ஸ்பீக்கர் 3 முதல் 3.6 ஓம் வரை காட்டும். இடது வலது இரண்டுக்கும் வித்தியாசம் 0.2 ஓமைத் தாண்டினால் ஒன்றில் காயில் மாற்றப்பட்டிருக்கலாம் என்று சந்தேகப்படுங்கள். வூஃபரின் கோனை இரண்டு கட்டைவிரலாலும் சமமாக அமுக்கி விடுங்கள். மணல் உரசுகிற மாதிரி கேட்டால் சுருள் கருகியிருக்கிறது அல்லது மையம் விலகியிருக்கிறது. பின்பக்கம் மூக்கை வைத்துப் பாருங்கள், கருகின வாடை பல வருடம் போகாது. பேனா பேட்டரியின் பிளஸ் ஸ்பீக்கரின் பிளஸ்ஸில் படும்படி ஒரு கணம் தொட்டால் கோன் வெளியே வர வேண்டும். உள்ளே போனால் முனைகளை யாரோ மாற்றிப் பற்றவைத்திருக்கிறார்கள். ட்வீட்டருக்கு இந்தப் பேட்டரி வேலையைச் செய்யாதீர்கள்.

பிறகு செல்போனிலிருந்து 30 ஹெர்ட்சிலிருந்து 200 வரை மெதுவாக ஏறும் ஒற்றைச் சுரம், சின்ன வால்யூமில். பாட்டில் மறைந்துவிடும் கிரீச்சலும் தளர்ந்த பசையும் இதில் காட்டிக்கொடுக்கும். ட்வீட்டருக்குக் கிராஸ்ஓவர் வழியாக 3,000 ஹெர்ட்சுக்கு மேல் மட்டும். இலவச ஸ்பெக்ட்ரம் ஆப் ஒன்றைத் திறந்து, ஒவ்வொரு ட்வீட்டரையும் ஒரே தூரத்தில் வைத்துப் பாருங்கள். செல்போன் மைக் துல்லியமானதல்ல. ஆனால் இரண்டையும் அளப்பது அதே மைக் என்பதால் ஒப்பிடப் போதும். மூன்று டெசிபல் வித்தியாசம் கண்டால் எண்ணெய் காய்ந்திருக்கிறது என்று பொருள், விலையை அங்கேயே இறக்கலாம்.

விற்பவர் சோதிக்க விடவில்லை என்றால் அதுவே பதில்.

மூன்று பேரும்

டைன்ஆடியோ 1977-இல் டென்மார்க்கின் ஸ்கான்டர்போர்கில் தொடங்கியது. பிற்பாடு வால்வோ, ஃபோக்ஸ்வாகன் கார்களில் கம்பெனியிலிருந்தே பொருத்தி வந்த பெயர். 2014-இல் பெரும்பங்கு சீனாவின் கோர்டெக் கைக்குப் போனது. கோயம்புத்தூர்க்காரரிடம் இருந்தது எம்டபிள்யூ 160 வூஃபரும் 28 மி.மீ. துணி டோம் ட்வீட்டரும். அந்த வூஃபரின் சுருள் 75 மி.மீ. விட்டம். ஆறரை அங்குல ஸ்பீக்கர்களில் சாதாரணமாக 25 முதல் 40 மி.மீ. வரைதான் இருக்கும். சுருள் பெரிதாக இருந்தால் சூடு பரவும், நெடுநேரம் சத்தமாக வைத்தாலும் குரல் இறுகாது. மனிதக் குரலுக்கு இதைவிட இயல்பான கார் ஸ்பீக்கரை நான் அதிகம் கேட்டதில்லை. மிருதங்கத்தின் தொப்பிப் பக்கம் தொப்பிப் பக்கமாகவே கேட்கும், பீப்பாயைத் தட்டிய மாதிரி இருக்காது.

குறை என்று பார்த்தால் தீனி அதிகம். அதைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். ஒரு ட்வீட்டர் போனால் ஜோடி தேடி மாதக்கணக்கில் அலைய வேண்டும் என்பது இன்னொன்று.

எம்பி குவார்ட் வேறு குணம். ஜெர்மனியின் ஓப்ரிக்ஹைமில் செய்யப்பட்ட காலத்துச் செட்டுகளின் அடையாளமே டைட்டானியம் டோம் ட்வீட்டர். உலோகம் என்பதால் வெயிலில் டோம் கெடாது. சத்தம் பளிச்சென்று இருக்கும். சிலருக்கு அது தெளிவு, சிலருக்கு அது காது கூசல். முன் கண்ணாடிக்குப் பக்கத்தில் வைத்தால் கண்ணாடியில் பட்டுத் திரும்பி இன்னும் கூசும், அதனால் இருக்கையை நோக்கித் திருப்பி வைப்பதா வேண்டாமா என்பதை ஒட்டுவதற்கு முன்பே கேட்டுப் பார்த்துவிட வேண்டும். இந்த நிறுவனத்தை அமெரிக்காவின் ராக்ஃபோர்டு 2001-இல் வாங்கியது, பிறகும் பெயர் கை மாறியது. எனவே பெயர் ஒன்றாக இருந்தாலும் எல்லாம் ஒரே பட்டறையில் பிறந்ததல்ல. 'ஜெர்மனியில் தயாரிக்கப்பட்டது' என்ற எழுத்து காந்தத்தின் பின்னால் இருக்கிறதா என்று பாருங்கள். ஒட்டிய ஸ்டிக்கரை நம்பாதீர்கள், டெல்லிப் பக்கத்து ஸ்டிக்கருக்கு எந்த நாடும் சம்மதம். திடலில் பார்த்த செட்டில் விளிம்பு ரப்பர், வெடிப்பில்லை, கிராஸ்ஓவர் இரண்டும் கூடவே இருந்தன. ஐயாயிரத்துக்கு அது சாதாரண விஷயமல்ல.

பழைய ஃபோக்கல் பாலிகிளாஸ் செட்டும் நம்மூரில் அவ்வப்போது தலைகாட்டும். கண்ணாடித் துகள் பூசிய பேப்பர் கோன், உள்நோக்கிக் குழிந்த ட்வீட்டர். நல்ல சரக்குதான். ஆனால் இந்த ஒப்பீட்டில் அப்படி ஒன்று கைக்கு வரவில்லை.

புது இத்தாலியச் செட்டைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை, அதுவே அதன் பலம். பெட்டியைப் பிரித்தால் வேலை செய்யும். ஸ்விஃப்ட் கதவில் ஸ்பீக்கரைப் பொருத்தும் வளையம் கடையிலேயே இருக்கிறது. ஒன்று போனால் கடைக்காரரிடம் போய் நிற்கலாம். குரல் சற்று முன்னால் வந்து நிற்கும், கீழ்ச்சுரம் கொஞ்சம் மெலிவு, குறை சொல்லும்படி ஒன்றுமில்லை. பக்கத்தில் டேனிஷ் செட்டை, அதாவது டைன்ஆடியோவைக் கேட்காதவருக்கு இதில் எதுவும் குறைவாகத் தெரியாது.

வாட் கணக்கு

பழைய செட் வாங்கிக் கெட்டுப்போகிறவர்கள் பெரும்பாலும் இங்கேதான் விழுகிறார்கள். பழைய ஹை-ஃபை வூஃபர்களின் சென்சிட்டிவிட்டி, அதாவது கொடுத்த சக்திக்கு எவ்வளவு சத்தம் என்ற அளவு, பெரும்பாலும் 86 முதல் 88 டெசிபலுக்குள். இன்றைய கடைச் சரக்கில் 91, 92, 93 என்று அச்சடித்திருப்பார்கள். மூன்று டெசிபல் கூட வேண்டுமென்றால் ஆம்ப் சக்தி இரட்டிப்பாக வேண்டும். ஐந்து டெசிபலுக்கு மூன்று மடங்கு. ஸ்டீரியோவின் முகப்பில் '50 வாட் x 4' என்று எழுதியிருந்தாலும் தொடர்ந்து சுத்தமாகக் கொடுப்பது ஏறக்குறைய 20 வாட்தான். அந்த 20 வாட்டில் 92 டெசிபல் ஸ்பீக்கர் போடும் சத்தத்தை 87 டெசிபல் ஸ்பீக்கர் போட 60 வாட்டுக்கு மேல் வேண்டும்.

இதில் ஒரு பித்தலாட்டமும் கலந்திருக்கிறது. பழைய தாள்களில் பலவற்றில் ஒரு வாட்டுக்கு அளந்திருப்பார்கள். புதியவற்றில் 2.83 வோல்டுக்கு அளக்கிறார்கள். 8 ஓமில் 2.83 வோல்ட் ஒரு வாட். 4 ஓமில் அது இரண்டு வாட். 3 ஓம் என்றால் 2.7 வாட் வரை போகும். அதாவது புதியதின் எண்ணிலிருந்து மூன்று நான்கு டெசிபலைக் கழித்துவிட்டே பழையதோடு ஒப்பிட வேண்டும். இப்படிக் கழித்த பின் இடைவெளி பயமுறுத்தும் அளவுக்கு இருக்காது. ஆனாலும் ஸ்டீரியோ தருவது அதே வோல்டேஜ் என்பதால், ஆம்ப் இல்லாத வண்டியில் 3 ஓம் புது செட்தான் சத்தமாகப் பாடும். அது பொய்யல்ல.

ஆம்ப் இல்லாமல் டேனிஷ் செட்டை மாட்டிய வண்டியில் ஒருமுறை உட்கார்ந்திருக்கிறேன். வால்யூமை முக்கால்வாசி ஏற்றினால் சத்தம் வருகிறது, கூடவே ஸ்டீரியோவின் மூச்சுத் திணறலும். ட்வீட்டர் எரிவதும் இப்படித்தான். ஆம்ப் தன் சக்தியைத் தாண்டிக் கிளிப்பாகும்போது, அதாவது ஒலியலையின் உச்சி வெட்டுப்படும்போது, மேல்சுர ஆற்றல் கூடுகிறது, சின்னச் சுருள் தாங்குவதில்லை. குறைந்த வாட்தானே என்று நினைக்க வேண்டாம்.

ஆக டேனிஷ் செட்டுக்கு 22,000 போனால் மிச்சம் 8,000. சேனலுக்கு 75 வாட் உண்மையாகத் தரும் நாலு சேனல் ஆம்ப், அசல் செம்புக் கேபிள், ஃபியூஸ், கதவுத் தகட்டின் அதிர்வை அடக்கும் டாம்பிங் ஷீட், கூலி எல்லாவற்றையும் அதற்குள் முடிக்க முடியாது. கேபிளில் மிச்சம் பிடிக்கலாம் என்று செம்பு பூசிய அலுமினியத்தை வாங்குவார்கள், வேண்டாம். தம்பி 50,000 வைத்திருந்தால் இந்தக் கட்டுரை டேனிஷ் செட்டோடு அடுத்த வரியில் முடிந்திருக்கும்.

கதவும் சாலையும்

காரில் ஸ்பீக்கருக்குப் பெட்டியே அதன் கதவுதான், அதைக் கவனிக்காமல் மாட்டிய நல்ல வூஃபர் பட்டுப்புடவைக்கு மேல் மழைக்கோட்டு போட்ட மாதிரி. உள்தகட்டின் பெரிய துளைகளை மூடி, வெளித்தகட்டில் ப்யூட்டில் ரப்பர் டாம்பிங் ஷீட் ஒட்டினால் அதே ஸ்பீக்கரின் கீழ்ச்சுரம் இரண்டு மடங்கு உறுதியாகக் கேட்கும். விலை குறைவு என்று தாரில் செய்த ஷீட்டைத் தலையில் கட்டுவார்கள். மதுரை வெயிலில் அது உருகி வழிந்து கண்ணாடி மோட்டார் வரை கறுப்பாக்கும். கதவின் அடியில் தண்ணீர் வடியும் துளைகளை எக்காரணம் கொண்டும் அடைக்கக் கூடாது, ஐப்பசி மழையில் கதவுக்குள் குளம் கட்டும். வளையத்தை எம்டிஎஃப் பலகையில் அறுத்தால் அதே மழையில் ஊறி உப்பும். பிவிசி ஷீட் அல்லது மரைன் பிளைவுட் நல்லது.

வாங்கும் முன் ஆழத்தை அளக்கவும். கண்ணாடி முழுக்க இறங்கும்போது காந்தத்தில் இடிக்கக் கூடாது. பழைய வெளிநாட்டுச் செட்டுகளின் திருகுத் துளைகள் நம் வண்டிக் கதவோடு ஒத்துப்போகாது என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

இனி சாலை. தம்பி ஓட்டுவது காலையில் லாரி, பஸ், ஹாரனோடு போட்டி போடும் ரோட்டில். அறுபது எழுபது கிலோமீட்டர் வேகத்தில் டயர் சத்தமும் காற்றும் கீழ்ச்சுரத்தையும் மென்மையான நுணுக்கத்தையும் முழுங்கிவிடும். நத்தம் பறக்கும் பாலத்தில் ஏறினால் 7.3 கி.மீ. சிக்னல் இல்லாமல் ஒரே வேகத்தில் போகலாம். ஒரு செட் ஓட்டத்தில் எப்படி இருக்கிறது என்று பார்க்க இந்த வட்டாரத்தில் அதைவிட வசதியான இடம் எனக்குத் தெரியவில்லை. கடை வாசலில் வண்டியை அணைத்துவிட்டுக் கேட்டு மயங்கிய வித்தியாசத்தில் பாதி அங்கே காணாமல் போயிருக்கும். மிஞ்சுகிற பாதிக்குத்தான் காசு கொடுக்கிறீர்கள்.

எதைப் போட்டுக் கேட்பது? கடைக்காரர் போடும் பாஸ் அதிரும் டெமோ பாட்டை வேண்டாம் என்று சொல்லுங்கள். டி.எம். சௌந்தரராஜன், எம்.எஸ். சுப்புலட்சுமி பாட்டைப் போடச் சொல்லுங்கள். இருவரும் மதுரையில் பிறந்தவர்கள் என்பதற்காக மட்டும் சொல்லவில்லை. அவர்களின் ஐம்பது அறுபதுகளின் ஒலிப்பதிவுகள் பெரும்பாலும் மோனோ. மோனோ குரல் இரண்டு ஸ்பீக்கருக்கும் நடுவில் ஒரே புள்ளியில் நிற்க வேண்டும். மேல்ஸ்தாயிக்குப் போகும்போது குரல் ஒரு பக்கம் நகர்ந்தால் அந்தப் பக்கத்து ட்வீட்டருக்கும் இந்தப் பக்கத்துக்கும் ஒத்துப்போகவில்லை. பழைய ஜோடியைச் சோதிக்க இதைவிட மலிவான கருவி இல்லை. அடுத்து நாதஸ்வரம். அதன் வீரியம் முழுக்க வூஃபரும் ட்வீட்டரும் கைமாற்றிக்கொள்ளும் 2,000, 3,000 ஹெர்ட்ஸ் பகுதியில் இருக்கிறது. இரண்டும் சண்டை போட்டால் நாதஸ்வரம் தகரக் குழலாகிவிடும். உறுமியின் இழுப்பு, தவிலின் அடி இரண்டும் கதவு அதிர்வைக் காட்டிக்கொடுக்கும்.

எங்கே போய் நின்றோம்

என் கணக்கு இதுதான். திடலில் இருந்த குவார்ட்டுக்கு 5,000. டிஎஸ்பி உள்ளடங்கிய நாலு சேனல் ஆம்ப் தம்பி விசாரித்த கடையில் 19,000. மிச்சம் ஆறில் ப்யூட்டில் ஷீட், கேபிள், வளையம், கூலி. டிஎஸ்பி இருந்தால் ட்வீட்டருக்கு ஒரு சேனல், வூஃபருக்கு ஒரு சேனல் என்று ஆக்டிவாகப் பிரிக்கலாம். டைட்டானியத்தின் கூசலை ஈக்வலைசரில் இரண்டு டெசிபல் அமுக்கலாம். ஓட்டுநர் பக்கத்து ஸ்பீக்கரைச் சில மில்லிசெகண்ட் தாமதப்படுத்தி, குரலை ஸ்டீரிங் பக்கமிருந்து டாஷ்போர்டின் நடுவுக்கு இழுக்கலாம். கம்பெனி ஸ்டீரியோவைக் கழற்றவும் வேண்டாம், ஸ்பீக்கர் வயரிலிருந்தே சிக்னல் எடுத்துக்கொள்ளும். 22,000 ரூபாய் ஸ்பீக்கரை ஸ்டீரியோவிலேயே ஓட்டுவதை விட 5,000 ரூபாய் ஸ்பீக்கரை இப்படி ஓட்டுவது கேட்க எவ்வளவோ மேல். மூன்று நாள் யோசித்தாலும் இதில் எனக்கு மாற்றுக் கருத்து வராது.

ஆனால் இதற்குள் ஒரு நிபந்தனை இருக்கிறது. குவார்ட்டின் இரண்டு ட்வீட்டரும் சோதனையில் சமமாக வர வேண்டும், வண்டிக்காரருக்கு லேப்டாப்பை மடியில் வைத்துக்கொண்டு இரண்டு ஞாயிற்றுக்கிழமை உட்காரப் பொறுமை வேண்டும். முதலாவது தேறிவிட்டது, ஒரு டெசிபலுக்கும் குறைவான வித்தியாசம். இரண்டாவதைப் பற்றிக் கேட்டபோது தம்பி என் முகத்தைப் பார்க்காமல், "அண்ணே, எனக்கு சாவியத் திருப்புனா பாடணும்ணே" என்றார். நியாயமான பேச்சு. அப்படிப்பட்டவருக்குப் பழைய செட் தொந்தரவுதான், எவ்வளவு நன்றாக இருந்தாலும்.

அவர் புது இத்தாலியச் செட்டுக்கே போனார். மீதி 12,000-இல் முதலில் கதவு வேலையை முடித்துக்கொண்டார். பண்டிகை போனசில் ஆம்ப் வாங்குவதாகத் திட்டம். 3 ஓம் செட் என்பதால் அதுவரை ஸ்டீரியோவிலேயே சமாளிக்கும். அந்த வரிசை சரி: ஆம்புக்கு முன்னால் கதவு.

குவார்ட்டை நான் 4,500-க்கு எடுத்துக்கொண்டேன். ஆக்டிவாக ஓட்டுவதால் அதன் கிராஸ்ஓவர் இரண்டும் இப்போது வேலையில்லாமல் அலமாரியில் கிடக்கின்றன. பழைய செட் வாங்கி ஆக்டிவாக மாற்றுகிறவர்கள் இவற்றைத் தூக்கிப் போட்டுவிட வேண்டாம். திருகு, கிரில், ட்வீட்டர் கோப்பை எல்லாவற்றையும் ஒரே டப்பாவில் போட்டு வையுங்கள். நாளைக்கு விற்கும்போது கிராஸ்ஓவர் இல்லாத செட்டுக்குப் பாதி விலைகூடக் கேட்கமாட்டார்கள்.